பூனைக் கழுத்தில் பட்டை நிற்குமா?

நாய்க்குப் பட்டை கட்ட யாரும் தயங்குவதில்லை. பூனை என்றதும், "அது கழுத்துல எதுவும் நிக்காது, ஒரு மணி நேரத்துல பிச்சுப் போட்டுடும்" என்று சொல்லிவிடுகிறோம். பல வீடுகளில் பட்டை வாங்கிய அன்றே கட்டிப் பார்க்கிறார்கள். பூனை தரையில் உருண்டு புரள்கிறது, பின்னங்காலால் கழுத்தைப் பிறாண்டுகிறது, கட்டிலுக்கு அடியில் போய் ஒளிந்துகொள்கிறது. மறுநாள் பட்டை அலமாரிக்குப் போய்விடுகிறது. "எங்க பூனைக்கு ஒத்துக்கல" என்பதோடு அந்த முயற்சி முடிகிறது.

இந்த முடிவு சரிதானா என்று பெரிய அளவில் சோதித்தவர்கள் உண்டு. ஓஹையோ மாநிலப் பல்கலைக்கழகத்தின் லிண்டா லார்டும் சக ஆய்வாளர்களும் 538 வீட்டுப் பூனைகளை ஆறு மாதம் பின்தொடர்ந்து, 2010-இல் முடிவை வெளியிட்டார்கள். சாதாரணக் கொக்கிப் பட்டை, இழுத்தால் கழன்றுகொள்ளும் கொக்கிப் பட்டை, இழுபடும் எலாஸ்டிக் பட்டை ஆகிய மூன்றில் ஒன்று ஒவ்வொரு பூனைக்கும் கிடைத்தது. ஆறு மாதமும் பட்டையோடு இருந்தவை 391 பூனைகள், அதாவது 72.7 விழுக்காடு. தங்கள் பூனை இவ்வளவு பொறுத்துக்கொள்ளும் என்று எதிர்பார்க்கவில்லை என்று சொன்ன உரிமையாளர்கள் பலர். பூனைக்குப் பட்டை நிற்காது என்பது பெரும்பாலான பூனைகளைப் பொறுத்தவரை உண்மையில்லை. மீதமுள்ள நான்கில் ஒரு பங்கையும் நாம் மறந்துவிடக் கூடாது. எதை, எப்படி, எவ்வளவு பொறுமையாகக் கட்டுகிறோம் என்ற கேள்வி அங்கேதான் வருகிறது.

அதற்கு முன், எதற்காகக் கட்ட வேண்டும்? அழகுக்காக என்றால் வேண்டவே வேண்டாம் என்பேன். பூனைக்குத் தன் உடம்பே போதிய அழகு. தொலைந்தால் திரும்பி வருவதற்காக என்றால் அது வேறு கதை. ஓஹையோவில் பூனையைத் தொலைத்த 138 பேரிடம் இதே லார்ட் குழு விசாரித்து 2007-இல் எழுதியது. அவர்களில் 53 விழுக்காட்டினருக்கே பூனை திரும்பக் கிடைத்தது. தொலைந்தபோது ஏதாவது ஓர் அடையாளம் அணிந்திருந்தவை 19 விழுக்காடு மட்டும். கிடைத்த பூனைகளிலும் பெரும்பாலானவை தாமாகவே வீடு திரும்பியவை.

நம் ஊரில் நிலைமை இன்னும் சிக்கல். வெளிநாட்டு இனப் பூனைகள் பெருகிவிட்டாலும், பெரும்பாலான வீடுகளில் வளர்வது வரிப்பூனை, கறுப்பு வெள்ளைப் பூனை, மூவண்ணப் பூனை. தெருவில் மீன்காரர் பின்னால் போகும் பூனையும் அதே வரி, அதே நிறம். தீபாவளி வெடிக்கு மிரண்டு மொட்டை மாடி வழியே ஓடிய பூனை நான்கு தெரு தள்ளி யார் வீட்டுப் படிக்கட்டிலோ உட்கார்ந்திருந்தால், "பாவம், தெருப்பூனை" என்று பால் வைப்பார்களே தவிர, இதற்கு ஒரு வீடு இருக்கிறது என்று யாருக்கும் தோன்றாது. கழுத்தில் ஒரு பட்டையும் பத்து இலக்க எண்ணும் இருந்தால் அதைச் சொல்லிவிடும்.

மைக்ரோசிப் இருக்கிறதே என்று கேட்கலாம். இருக்கிறது, நல்ல ஏற்பாடு. மேலே சொன்ன 2010 ஆய்வில், ஆறு மாதம் கழித்துச் சோதித்த 478 சிப்களில் 477 சரியாக வேலை செய்தன. இங்கிலாந்தில் 2024 ஜூன் 10 முதல், 20 வாரம் நிறைவதற்குள் பூனைக்குச் சிப் போடுவது சட்டப்படி கட்டாயம். ஆனால் தோலுக்கு அடியில் இருக்கும் அரிசி அளவுச் சிப்பைப் படிக்க ஒரு கருவி வேண்டும். அது மருத்துவமனையில் இருக்கும், காய்கறிக் கடைக்காரரிடமும் அடுக்ககக் காவலாளியிடமும் இருக்காது. அவர்களால் படிக்க முடிவது கண்ணுக்குத் தெரியும் எண்ணை மட்டும்தான். பட்டை கழன்று விழலாம், சிப் விழாது. சிப்பைப் பார்க்க முடியாது, பட்டையைப் பார்க்கலாம். ஆகவே இரண்டும் வேண்டும் என்பதே என் கருத்து.

இனி ஆபத்துப் பக்கம். பழக்குவதைப் பேசும் பலரும் இதைக் கடைசியில் ஒரு வரியில் சொல்லி முடிக்கிறார்கள். எனக்கு இது முதலில் வர வேண்டிய விஷயம். ஏனென்றால் தவறான பட்டைக்குப் பூனையை நன்றாகப் பழக்கிவிடுவது, பழக்காமல் விடுவதைவிட மோசம்.

பூனையின் முன்னங்கால் நம் கைபோல் எலும்பால் தோளோடு பூட்டப்பட்டதல்ல. அதன் காறை எலும்பு மிகச் சிறியது, மற்ற எலும்புகளோடு சேராமல் தசைக்குள் கிடக்கிறது. அதனால்தான் தலை நுழையும் இடுக்கில் முழு உடம்பையும் நுழைத்துவிடுகிறது. அதே காரணத்தால்தான் தளர்ந்த பட்டைக்குள் முன்னங்காலும் எளிதாக நுழைந்துவிடுகிறது. கழுத்தைச் சொறியும்போதோ, பட்டையைக் கழற்றப் பார்க்கும்போதோ ஒரு கால் உள்ளே போனால், பட்டை கழுத்தின் ஒரு பக்கமும் எதிர்ப்பக்க அக்குளுக்கு அடியிலுமாகக் குறுக்கே இறுகிவிடும். பூனை நடக்க நடக்க அது அக்குள் தோலை அறுக்கும். இப்படி வீட்டுக்கு வராமல் சில நாள் எங்கோ சிக்கிக் கிடந்த பூனைகளின் அக்குள் புண்ணை ஆற்றுவது கால்நடை அறுவை மருத்துவர்களுக்குப் பெரும் சோதனை. ஒவ்வோர் அடிக்கும் அசையும் இடம் என்பதால் தையல் பிரிந்துகொண்டே இருக்கும். வயிற்றுக்குள் இருக்கும் கொழுப்புச் சவ்வை ரத்த ஓட்டத்தோடு இழுத்துக் கொண்டுவந்து அந்தப் புண்ணுக்குள் வைத்து, அதன்மேல் தோலைத் திருப்பித் தைக்கும் அளவுக்கு அறுவை முறைகளை உருவாக்க வேண்டியிருந்தது.

எலாஸ்டிக் பட்டையை நான் வேண்டாம் என்பதற்கு இதுதான் காரணம். கிளையில் மாட்டினால் இழுபட்டுத் தலை வெளியே வந்துவிடும் என்பது அதன் பின்னால் உள்ள நல்லெண்ணம். தலை வெளியே வரும் அளவுக்கு இழுபடுவது, கால் உள்ளே போகும் அளவுக்கும் இழுபடும். பூனை நல அமைப்புகள் இன்று பரிந்துரைப்பது, குறிப்பிட்ட அளவுக்கு மேல் இழுத்தால் தானாகக் கழன்றுகொள்ளும் கொக்கியைத்தான்.

விபத்து எவ்வளவு அடிக்கடி நடக்கிறது? லார்ட் குழுவின் 2010 ஆய்வில் இருந்த 538 பூனைகளில் 18-க்கு, அதாவது 3.3 விழுக்காட்டுக்கு, கால் சிக்கியது, அல்லது கீழ்த்தாடையில் பட்டை மாட்டியது, அல்லது ஏதோ ஒரு பொருளில் பட்டை சிக்கியது. மேற்கு ஆஸ்திரேலியாவில் மைக்கேல் கால்வர் குழு 2013-இல் வெளியிட்ட ஆய்வில், பட்டை சிக்கும் சம்பவங்கள் வீட்டுக்காரர்களுக்குத் தெரிந்தவைதான் என்றாலும், மருத்துவரிடம் போகும் அளவுக்குக் காயம் ஏற்படுவது அரிது என்று தெரிந்தது. அரிதானது தன் பூனைக்கு நடக்கும்போது அரிதாக இருப்பதில்லை. ஆனால் பட்டை என்றாலே கழுத்துக் கயிறு என்று பயப்படவும் இந்த எண்கள் இடம் தரவில்லை.

கடையில் கொக்கியைப் பார்த்ததும் "கழன்றுகொள்ளும்" என்று நம்பிவிடக் கூடாது. நாய்க்குட்டிப் பட்டையைச் சிறிதாக்கிப் பூனைப் பட்டை என்று விற்பது சாதாரணம். இரண்டு பக்கமும் அழுத்தினால் மட்டும் திறக்கும் பிளாஸ்டிக் கொக்கி, பையில் வருவது போன்றது, பூனைக்கு ஆகாது. வீட்டிலேயே சோதிக்கலாம். பட்டையைப் பூட்டி வளையமாக்கி, அதன் ஒரு முனையைக் கதவுப் பிடியில் மாட்டுங்கள். மறுமுனையில் இரண்டு லிட்டர் தண்ணீர் நிரம்பிய புட்டியைத் தொங்கவிட்டு மெல்ல ஓர் இழுப்புக் கொடுங்கள். நான்கு கிலோ பூனை அரை உடம்பின் எடையோடு தொங்கினாலே கொக்கி விட்டுவிட வேண்டும். விடவில்லை என்றால் அந்தப் பட்டை பூனைக் கழுத்துக்குப் போகக் கூடாது.

நம் வீடுகளில் இன்னொரு வழக்கம் இருக்கிறது. திருஷ்டி படக் கூடாது என்று குட்டியின் கழுத்தில் கருப்புக் கயிறு, இல்லையென்றால் பரிசுப் பெட்டியில் வந்த ரிப்பனில் ஒரு சலங்கை. அன்பினால் செய்வதுதான். ஆனால் அந்தக் கயிறு அறாது, கழலாது. குட்டி வாரத்துக்கு வாரம் வளரும். முடி மறைத்திருப்பதால் கயிறு கழுத்துத் தோலில் பதிந்து சீழ் வைத்த பிறகே வெளியில் தெரியும். கருப்பு வேண்டுமென்றால் கருப்பு நிறத்தில் கழன்றுகொள்ளும் பட்டை கிடைக்கிறது, அதைக் கட்டலாம்.

சரி, எப்படிப் பழக்குவது?

பூனை எதிர்ப்பதற்குக் காரணம் பிடிவாதமல்ல. நக்கிச் சுத்தம் செய்தே வாழும் விலங்கு அது. முடியில் ஒட்டிய சிறு தூசியும் அதற்கு அகற்ற வேண்டிய ஒன்று. கழுத்தைத் தன் நாக்கால் எட்ட முடியாது. அங்கே திடீரென்று ஒன்று வந்து உட்கார்ந்து, ஓடினாலும் கூடவே வருகிறது. முதல் முறை பட்டை கட்டிய பூனையை அருகிலிருந்து பாருங்கள். உடம்பைத் தரையோடு தாழ்த்தும். பின்னோக்கி நடக்கும், பட்டையிலிருந்து பின்வாங்கி வெளியே வந்துவிடலாம் என்பதுபோல. தலையைக் குனிந்து கீழ்த்தாடையைப் பட்டைக்கு அடியில் நுழைக்கப் பார்க்கும். தாடை மாட்டிக்கொள்வது இந்த நொடியில்தான். முதல் தடவைகளில் பக்கத்தில் ஆள் இருந்தே ஆக வேண்டும் என்பது இதற்காகத்தான்.

இன்னொரு பூனை எதுவும் செய்யாது. கட்டியதும் அப்படியே படுத்துவிடும், அசையாது. "பாருங்க, சமத்தா இருக்கு" என்று வீட்டில் மகிழ்வார்கள். காதுகள் பக்கவாட்டில் தட்டையாகி, கருவிழி அகன்று, வால் உடம்போடு ஒட்டியிருந்தால், அந்தப் பூனை பயத்தில் உறைந்திருக்கிறது. இதைப் பழகிவிட்டது என்று எடுத்துக்கொள்வதுதான் இந்த விஷயத்தில் நாம் செய்யும் மிகப் பெரிய பிழை என்று நினைக்கிறேன். பூனை பழகிவிட்டதா என்று தெரிந்துகொள்ள ஒரே வழி, பட்டையோடு அது தன் வழக்கமான வேலைகளைச் செய்கிறதா என்று பார்ப்பதுதான். சாப்பிடுகிறதா, விளையாடுகிறதா, உடம்பை நக்கிக்கொள்கிறதா, உயரத்தில் ஏறுகிறதா, சுருண்டு தூங்குகிறதா. இவையெல்லாம் நடந்தால் அது சம்மதித்துவிட்டது.

பயத்தைச் சிறு சிறு அளவில் உணவோடு சேர்த்துக் கரைக்கும் முறைக்கு ஒரு வரலாறு உண்டு. அந்த வரலாற்றிலும் பூனைகளே இருக்கின்றன. தென்னாப்பிரிக்க மனநல மருத்துவர் ஜோசஃப் வோல்பே 1940-களில் ஜோகன்னஸ்பர்க்கில் பூனைகளைக் கூண்டில் வைத்து மின் அதிர்ச்சி கொடுத்துப் பயமூட்டினார். அதன்பின் பசித்தாலும் அவை அந்தக் கூண்டில் உண்ணவில்லை, அந்த அறையிலும் உண்ணத் தயங்கின. அந்த அறையைப் போல் அதிகம் இல்லாத வேறோர் அறையில் முதலில் உணவு வைத்தார். அங்கே அவை நிம்மதியாக உண்ட பிறகு, சற்று அதிகமாக அதைப் போலிருக்கும் அறை. அப்படியே படிப்படியாகக் கூண்டுவரை வந்து, கடைசியில் கூண்டுக்குள்ளும் உண்ண வைத்தார். 1958-இல் அவர் எழுதிய நூலிலிருந்து இந்த முறை மனிதர்களின் அச்ச நோய்களுக்கு உலகெங்கும் சிகிச்சையானது. அந்தப் பூனைகள் பட்ட வேதனையை இன்று எந்த ஆய்வு நெறிக்குழுவும் அனுமதிக்காது. அவற்றிடமிருந்து கற்றதை அவற்றின் இனத்துக்கே திருப்பித் தருவது நாம் செய்ய வேண்டிய குறைந்தபட்ச நியாயம்.

பட்டைக்கு மிக நெருங்கிய உதாரணம் பூனையைத் தூக்கிச் செல்லும் கூடை. வியன்னாவில் 22 பூனைகளைக் கொண்டு நடந்த ஆய்வு 2018-இல் வெளியானது. பாதிப் பூனைகளுக்கு 28 சிறு பயிற்சிகளில், தின்பண்டத்தின் துணையோடு கூடையைப் பழக்கினார்கள். பழகிய பூனைகள் காரில் போகும்போது மற்றவற்றைவிட அமைதியாக இருந்தன, மருத்துவரின் பரிசோதனையும் சீக்கிரம் முடிந்தது. கூடை என்றாலே ஓடி ஒளியும் விலங்குக்கு இது சாத்தியமென்றால், சில கிராம் எடையுள்ள பட்டை சாத்தியமே.

வீட்டில் செய்யும் வரிசை எளிது, அவசரம் மட்டும் ஆகாது. பட்டையிலிருந்து மணி, பதக்கம் எல்லாவற்றையும் முதலில் கழற்றிவிடுங்கள். ஒரு மெல்லிய துணியால் பூனையின் கன்னத்தைத் தடவி, அதே துணியால் பட்டையைத் துடைத்தால் அதன் சொந்த வாசனை பட்டையில் ஏறும். பிறகு அந்தப் பட்டை உணவுத் தட்டுக்கு அருகில் இரண்டு மூன்று நாள் சும்மா கிடக்கட்டும். முகர்ந்து பார்க்கட்டும், கையால் தட்டி விளையாடட்டும், கவலையில்லை. கொக்கி பூட்டும் "க்ளிக்" ஒலிக்குப் பல பூனைகள் துள்ளும். பூனை அறையின் மறுமூலையில் இருக்கும்போது அந்த ஒலியை எழுப்பி, உடனே ஒரு துண்டு வேகவைத்த கோழி கொடுங்கள். கழுத்துக்கு மிக அருகில் அந்த ஒலியை முதன்முதலாகக் கேட்க வைப்பது நியாயமில்லை.

அடுத்து, பூனை விரும்பும் நேரத்தில் கழுத்தையும் தாடையையும் வருடும்போது, கைக்குள் பட்டையை வைத்தபடி வருடுங்கள். பிறகு பூட்டாமல் கழுத்தின்மேல் போட்டு எடுங்கள். கடைசியில், பசி நேரத்தில், தட்டில் நெத்திலியோ, பாக்கெட்டில் வரும் நக்கித் தின்னும் பசைத்தீனியோ வைத்து, அது தின்னத் தொடங்கிய பிறகு பின்பக்கமிருந்து பூட்டுங்கள். தின்று முடிப்பதற்கு முன்பே கழற்றிவிடுங்கள். இந்த ஒரு விஷயத்தைத்தான் அழுத்திச் சொல்ல விரும்புகிறேன். தின்று முடித்தபின் பட்டை இருந்தால் பூனையின் கவனம் முழுக்கக் கழுத்துக்குப் போய்விடும். பட்டை வந்தது, நல்ல தீனி வந்தது, பட்டை போனது என்பதே அதன் நினைவில் பதிய வேண்டும். ஒரு நிமிடம் ஐந்து நிமிடமாகி, ஐந்து நிமிடம் இறகுக் குச்சியோடு விளையாடும் கால்மணி நேரமாகும். கழுத்தைச் சொறிகிறது என்றால் குச்சியை ஆட்டி விளையாட்டுக்கு இழுங்கள். புரண்டு, பின்னோக்கி ஓடி, மூச்சு வாங்கினால் உடனே கழற்றிவிட்டு மறுநாள் இரண்டு படி பின்னால் போய்த் தொடங்குங்கள். இரண்டு பேர் பிடித்துக்கொள்ள மூன்றாமவர் கட்டுவது என்பது கூடவே கூடாது. அப்படிக் கட்டினால் பட்டையோடு சேர்ந்து கட்டியவரையும் அது வெறுக்கும்.

இதற்கு எவ்வளவு நாள் ஆகும் என்பது பூனையைப் பொறுத்தது. இரண்டு வாரத்திலிருந்து ஏழு வார வயதுக்குள் மனிதக் கை பட்டு வளர்ந்த குட்டிகள் தொடுதலை எளிதில் ஏற்கும் என்பது எய்லீன் கார்ஷ் போன்றோரின் ஆய்வுகள் நிறுவிய செய்தி. அப்படி வளர்ந்த பூனை ஒரு வாரத்தில் பட்டையை மறந்துவிடலாம். தெருவிலிருந்து பெரியதாக வந்து சேர்ந்த பூனைக்கு மாதங்களும் ஆகலாம்.

அளவு விஷயத்தில் இரண்டு விரல் கணக்கு எல்லோரும் சொல்வது. பட்டைக்கும் கழுத்துக்கும் நடுவே இரண்டு விரல் படுக்கையாக நுழைய வேண்டும், அதற்குமேல் இடம் கூடாது. பாவம் இறுக்கமாக இருக்குமே என்று தளர்த்திக் கட்டுவதுதான் காலையும் தாடையையும் சிக்க வைக்கிறது. பட்டை கட்டும்போது பூனை கழுத்தை விறைப்பாக்கும். பத்து நிமிடம் கழித்து அது தளர்ந்த பிறகு மறுபடி விரல் வைத்துப் பார்த்தால், முதலில் சரியாக இருந்தது இப்போது லொடலொடவென்று இருக்கும்.

மணி பற்றிக் கேட்காதவர் இல்லை. அணிலையும் தவிட்டுக்குருவியையும் காப்பாற்றத்தான் மணி என்பார்கள். கிளாஸ்கோ ஆய்வாளர்கள் 2002-இல் வெளியிட்ட ஓர் ஆய்வில், மணி கட்டிய காலத்தில் பூனைகள் வீட்டுக்குக் கொண்டுவந்த இரை ஏறத்தாழப் பாதியாகக் குறைந்தது. 2005-இல் பிரிட்டனில் இன்னோர் ஆய்வு, பாலூட்டிகள் 34 விழுக்காடும் பறவைகள் 41 விழுக்காடும் குறைந்ததாகச் சொன்னது. ஆனால் எக்ஸிடர் பல்கலைக்கழகத்தின் குழு தென்மேற்கு இங்கிலாந்தில் 355 பூனைகளை வைத்துச் செய்து 2021-இல் வெளியிட்ட ஆய்வில் மணியால் குறிப்பிடத்தக்க பலன் தெரியவில்லை. பட்டைமேல் மாட்டும் பளிச்சென்ற வண்ணத் துணி, பறவைகள் பிடிபடுவதை 42 விழுக்காடு குறைத்தது. தானியமில்லாத, இறைச்சி மிகுந்த உணவு மொத்த வேட்டையை 36 விழுக்காடும், தினமும் ஐந்து பத்து நிமிட விளையாட்டு 25 விழுக்காடும் குறைத்தன. இதைப் படித்த பிறகு, காதுக்கு ஒரு சாண் தூரத்தில், நம்மைவிடப் பல மடங்கு கூர்மையாகக் கேட்கும் விலங்குக்கு நாள் முழுக்க மணி ஒலிக்க வைப்பதில் எனக்கு உடன்பாடில்லை. வீட்டுக்குள்ளேயே வாழும் பூனைக்கு அது தேவையே இல்லை. வெளியே போகும் பூனையோடு மாலையில் விளையாடுங்கள், விடியற்காலையில் உள்ளே வைத்துக்கொள்ளுங்கள்.

இடம் காட்டும் கருவி மாட்டுவோர் எடையைக் கவனிக்க வேண்டும். நியூசிலாந்தின் டனீடன் நகரில் பட்டைக் கருவியின் எடையை மாற்றி மாற்றிச் சோதித்தபோது, உடல் எடையில் 3 விழுக்காடு சுமந்த பூனைகள் சுற்றித் திரியும் பரப்பு சுருங்கியது. 2 விழுக்காட்டுக்குள் இருப்பது நல்லது. மூன்று கிலோ பூனைக்கு அது 60 கிராம்.

உண்ணிப் பட்டை வேறு சங்கதி. அது மருந்து. நாய்க்கென்று விற்கும் பெர்மெத்ரின் கலந்த எதையும் பூனைக்குக் கட்டக் கூடாது. அந்த மருந்தைச் சிதைத்து வெளியேற்றும் திறன் பூனைக் கல்லீரலுக்குக் குறைவு. நடுக்கம், வலிப்பு, சாவு வரை போகும். மருத்துவர் பூனைக்கென்று எழுதித் தந்ததை மட்டும் கட்டுங்கள்.

எல்லா முயற்சிக்குப் பிறகும் ஏற்காத பூனைகள் உண்டு. கழுத்தில் தோல் நோயுள்ளவை, பதற்றத்தில் தன் முடியையே நக்கிப் பிடுங்குபவை, நோயும் முதுமையும் சேர்ந்தவை. அவற்றுக்குச் சிப் போட்டு, ஜன்னலுக்கும் பால்கனிக்கும் வலை அடித்து, பட்டையை விட்டுவிடலாம். அது தோல்வியில்லை, அந்தப் பூனை தெளிவாகச் சொன்னதை நாம் கேட்டுக்கொண்டோம், அவ்வளவுதான்.

ஏற்ற பூனைக்கு வாரம் ஒருமுறை பட்டையைக் கழற்றி, அடியில் முடி உதிர்ந்திருக்கிறதா, சிவந்திருக்கிறதா என்று பாருங்கள். வளரும் குட்டி என்றால் இரண்டு மூன்று நாளுக்கு ஒருமுறை விரல் வைத்துப் பாருங்கள். நீள முடிப் பூனையின் பட்டைக்கு அடியில் சிக்கு விழும், சீவிவிட வேண்டும். தொங்கும் பதக்கம் தண்ணீர்க் கிண்ணத்தில் இடிக்கும், கிரில் கம்பியில் மாட்டும் என்பதால், தொலைபேசி எண்ணை அழியாத மையில் பட்டையின்மேலேயே எழுதுவது அல்லது தைத்து வாங்குவது மேல். கழன்றுகொள்ளும் பட்டை எங்காவது கழன்று விழத்தான் செய்யும், விழுந்தால் சரியாக வேலை செய்தது என்று பொருள். ஒன்று தொலைந்ததும் பலர் நிறுத்திவிடுகிறார்கள். அதனால் ஒரே மாதிரியான பட்டை இரண்டு மூன்றாக வாங்கி, எல்லாவற்றிலும் எண்ணை எழுதி, பூனையின் கன்னத்தைத் தடவிய அதே துணியோடு சேர்த்து வைத்துக்கொள்ளுங்கள்.